38 நிமிட இடிமுழக்கம்

கறுப்புச் சட்டை, அதில் ஒரு மண்டை ஓடு, காதில் எப்போதும் ஏதோ இரைச்சல். பதின்ம வயதுப் பிள்ளை இருக்கும் வீடுகளில் இது புதிய காட்சி இல்லை. "என்னடா இது, பாட்டா, பட்டறையா?" என்று கேட்காத அப்பாவும் இருக்க முடியாது. கிள்ளானில் ஒரு வீட்டுத் திருமணத்துக்குப் போயிருந்தபோது ஓர் அம்மா என்னிடம் இதையே கொஞ்சம் பயத்தோடு கேட்டார். "என் மகன் கேட்கிற பாட்டில் சாத்தான் பேர் வருதாம். நான் கவலைப்படணுமா?"

நல்ல கேள்வி. அதற்குப் பதில் சொல்ல வேண்டுமானால் அந்த இரைச்சல் பிறந்த ஊருக்குப் போக வேண்டும். பிறந்த நாளும் நமக்குத் தெரியும். 1970 பிப்ரவரி 13, வெள்ளிக்கிழமை. அன்றுதான் 'பிளாக் சபாத்' என்ற பிரிட்டிஷ் குழுவின் முதல் இசைத்தட்டு, குழுவின் பெயரையே தலைப்பாகக் கொண்டு வெளிவந்தது. ஹெவி மெட்டல் என்று இன்று நாம் சொல்லும் இசைக்கு இதுதான் முதல் முழு இசைத்தட்டு என்று பெரும்பாலோர் ஒப்புக்கொள்கிறார்கள். லெட் செப்பலின் போன்றவர்கள் அதற்கு முன்பே சத்தமாக வாசித்தவர்கள்தான். ஆனால் கனமும் இருட்டும் மெதுவான நடையும் ஒன்றாகச் சேர்ந்தது இங்கேதான்.

இதைச் செய்த நால்வரும் இங்கிலாந்தின் பர்மிங்ஹாம் நகரில், ஆஸ்டன் என்ற தொழிலாளர் வட்டாரத்தில் வளர்ந்தவர்கள். கிட்டார் டோனி அயோமி, பேஸ் கிட்டார் கீசர் பட்லர், டிரம்ஸ் பில் வார்ட், பாடகர் ஓஸி ஓஸ்பர்ன். நால்வரும் 1948, 1949 ஆண்டுகளில் பிறந்தவர்கள். போரில் குண்டு விழுந்த இடங்கள் இன்னும் கட்டப்படாமல் கிடந்த தெருக்களில் விளையாடியவர்கள். பள்ளியை விட்டால் அடுத்து தொழிற்சாலை என்பது எழுதப்படாத விதி. ஓஸி ஆடுமாடு அறுக்கும் கூடத்தில் கூட வேலை பார்த்திருக்கிறார்.

விரல் நுனி போன நாள்

அயோமியின் கதையை நம் வட்டாரத்துக் குடும்பங்கள் அவசியம் கேட்க வேண்டும். அவருக்கு அப்போது 17 வயது. தகடு வேலை செய்யும் தொழிற்சாலை ஒன்றில் வெல்டிங் செய்துகொண்டிருந்தார். ஐரோப்பாவில் வாசிக்கப் போகும் ஒரு குழுவில் இடம் கிடைத்துவிட்டதால் வேலையை விடுவது என்று முடிவு. கடைசி நாள் மதியம் சாப்பிட வீட்டுக்கு வந்தவர் திரும்பிப் போக மனமில்லாமல் நின்றார். போய் வேலையை ஒழுங்காக முடித்துவிட்டு வா என்று அனுப்பியவர் அம்மா. எந்த ஊர் அம்மாவும் அதைத்தான் சொல்லியிருப்பார்.

அன்று தகடு அழுத்தும் இயந்திரத்தில் வழக்கமாக நிற்பவர் வேலைக்கு வரவில்லை. பழக்கமில்லாத அயோமியை அங்கே நிறுத்தினார்கள். இயந்திரம் இறங்கியது. வலது கையின் நடு விரலும் மோதிர விரலும் நுனியை இழந்தன. அவர் இடதுகைப் பழக்கம் உள்ளவர் என்பதால் கிட்டாரின் தந்திகளை அழுத்த வேண்டிய கை அந்த வலது கைதான்.

இனி வாசிக்கவே முடியாது என்று மருத்துவர்கள் சொன்னார்கள். மனம் ஒடிந்து கிடந்தவரைப் பார்க்க அவருடைய தொழிற்சாலை மேலாளர் ஓர் இசைத்தட்டோடு வந்தார். ஜாங்கோ ரைன்ஹார்ட் என்ற ஜாஸ் கிட்டார் மேதையின் தட்டு அது. 1928இல் தீ விபத்தில் இடது கையின் இரண்டு விரல்கள் செயலிழந்த பிறகும், மிச்ச விரல்களை வைத்தே உலகப் புகழ் பெற்றவர் ஜாங்கோ. கேட்டு முடித்த பிறகுதான் மேலாளர் அந்த விவரத்தைச் சொன்னாராம்.

அயோமி எழுந்து உட்கார்ந்தார். பாத்திரம் கழுவும் திரவம் வரும் பிளாஸ்டிக் புட்டியை உருக்கி, விரல் நுனிக்குப் பொருந்தும் குப்பிகளைத் தானே செய்தார். வழுக்காமல் இருக்கப் பழைய தோல் சட்டையிலிருந்து துண்டு வெட்டி மேலே ஒட்டினார். சாதாரணத் தந்தி அந்த விரல்களுக்கு வலித்தது. மெல்லிய கிட்டார் தந்திகள் கடையில் கிடைக்காத காலம் அது. அதனால் பாஞ்சோ வாத்தியத்தின் மெல்லிய தந்திகளை வாங்கி மாட்டினார். நுணுக்கமான பல சுரச் சேர்க்கைகளைப் பிடிக்க முடியாததால், இரண்டு மூன்று சுரங்களை மட்டும் சேர்த்து முழு பலத்தோடு அடிக்கும் முறையை வளர்த்துக்கொண்டார். ஹெவி மெட்டலின் அடித்தளமே அந்த முறைதான். இன்னும் சில ஆண்டுகள் கழித்து, 1971இல் வந்த மூன்றாவது இசைத்தட்டில், தந்திகளை இன்னும் தளர்த்திச் சுருதியைக் கீழே இறக்கினார். சத்தம் மேலும் கனத்தது.

இந்தக் கதையை "ஊனம் ஒரு வரம்" என்று சொல்லி முடிப்பவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடு இல்லை. பயிற்சி கொடுக்காமல் ஒரு பையனை இயந்திரத்தின் முன்னால் நிறுத்தியது தவறு. தோட்டத்திலிருந்து ஷா ஆலாம், சுங்கைவே, கிள்ளான் தொழிற்சாலைகளுக்கு வந்த நம் தலைமுறையில் விரல் இழந்த மாமாக்களும் சித்தப்பாக்களும் எத்தனை பேர் என்று உங்கள் உறவு வட்டத்திலேயே எண்ணிப் பாருங்கள். அவர்களில் யாருக்கும் இசைத்தட்டு வெளிவரவில்லை. நம் நாட்டில் 1971 முதல் சொக்சோ இருக்கிறது. வேலையிட விபத்தில் நிரந்தர ஊனம் ஏற்பட்டால் உதவித்தொகை கோர வழி இருக்கிறது. புதிதாக வேலைக்குப் போகும் பிள்ளைகள் சந்தா கட்டப்படுகிறதா என்று முதல் மாதச் சம்பளச் சீட்டிலேயே பார்த்துக்கொள்வது நல்லது. தெரியாத இயந்திரத்தில் நில் என்றால் முதலில் கற்றுக்கொடுங்கள் என்று கேட்கும் தைரியமும் வேண்டும்.

ஒரே நாள், 600 பவுன்

குழுவுக்கு முதலில் வேறு பெயர்கள் இருந்தன. கடைசியாக 'எர்த்'. அதே பெயரில் இன்னொரு குழு இருந்ததால் மாற்ற வேண்டியதாயிற்று. ஒத்திகை நடந்த இடத்துக்கு எதிரே இருந்த திரையரங்கில் போரிஸ் கார்லாஃப் நடித்த 'பிளாக் சபாத்' என்ற 1963ஆம் ஆண்டுப் பேய்ப் படம் ஓடியது. பயப்படுவதற்குக் காசு கொடுத்து மக்கள் வரிசையில் நிற்கிறார்களே, பயமுறுத்தும் இசையை நாம் ஏன் செய்யக்கூடாது என்று அவர்களுக்குத் தோன்றியது. பெயரும் கிடைத்தது, பாதையும் கிடைத்தது.

1969 அக்டோபர் 16. லண்டனில் ரீஜென்ட் சவுண்ட் ஒலிப்பதிவுக் கூடம். தயாரிப்பாளர் ரோட்ஜர் பெய்ன், ஒலிப்பதிவாளர் டாம் ஆலம். மேடையில் வாசிப்பது போலவே நால்வரும் ஒன்றாக நின்று வாசித்தார்கள். சுமார் 12 மணி நேரத்தில் பதிவு முடிந்தது. செலவு ஏறக்குறைய 600 பவுன். மழை, இடி, கோயில் மணி ஆகிய சத்தங்களைப் பிறகு சேர்த்தார்கள். அன்று அயோமி வழக்கமாக வாசிக்கும் கிட்டார் பாதியில் பழுதாகிவிட்டது. மாற்றுக்கு வைத்திருந்த கிப்சன் எஸ்ஜி கிட்டாரை எடுத்தார். அதன் பிறகு அந்த வகைக் கிட்டார்தான் அவருடைய அடையாளம்.

பன்னிரண்டு மணி நேரம் என்றதும் 'ஆஹா, எவ்வளவு சுலபம்' என்று அலுவலகத்தில் கடைசி நேரத்தில் வேலை முடிக்கும் இளைஞர்கள் மகிழ வேண்டாம். அதற்கு முன் இவர்கள் சிறு சிறு கிளப்புகளில் இரவு இரவாக வாசித்தவர்கள். ஜெர்மனியின் ஹாம்பர்க் நகரில் ஸ்டார் கிளப்பில் ஒரே நாளில் பல முறை மேடை ஏறியவர்கள். கூடத்துக்குள் நுழைந்தபோது பாடல்கள் விரலிலும் மூச்சிலும் ஏறியிருந்தன.

சாத்தானின் சுரமா, சண்முகனின் சுரமா?

முதல் பாட்டின் பெயரும் பிளாக் சபாத்தான். மழை பெய்கிறது. தூரத்தில் மணி. திடீரென்று கிட்டார் மூன்று சுரங்களை மெதுவாக, இடைவெளி விட்டு, இடிபோல இறக்குகிறது. உலகத்தை அசைத்தது அந்த மூன்று சுரங்கள்தான்.

கர்நாடக இசை பழகியவர்களுக்குச் சுலபமாகச் சொல்லிவிடலாம். முதலில் சட்ஜமம். அடுத்து மேல் ஸ்தாயி சட்ஜமம். மூன்றாவதாக இறங்கி வந்து நிற்பது பிரதி மத்திமம். அவ்வளவுதான். ஆங்கிலத்தில் இந்த இடைவெளிக்கு டிரைடோன் என்று பெயர். மேற்கத்திய இசைப் புத்தகங்களில் இதற்கு 'இசைக்குள் இருக்கும் சாத்தான்' என்று ஒரு பட்டப்பெயர் உண்டு. அந்தக் காலத்தில் தேவாலயம் இதைத் தடை செய்தது என்று ஒரு கதையும் சுற்றுகிறது. அதற்கு ஆதாரம் கிடையாது. ஆனால் பட்டப்பெயர் ஒட்டிக்கொண்டது, ஹெவி மெட்டலுக்கு அதுவே விளம்பரமும் ஆகிவிட்டது.

நம் பக்கம் வருவோம். 72 மேளகர்த்தா ராகங்களில் சரிபாதி, அதாவது 36 ராகங்களில், இதே பிரதி மத்திமம்தான் இருக்கிறது. மங்களகரமான ராகம் என்று நாம் கொண்டாடும் கல்யாணியில் இருக்கிறது. 56வது மேளமான சண்முகப்பிரியாவில் இருக்கிறது. பெயரைப் பாருங்கள், சண்முகனுக்குப் பிரியமான ராகம்! பிரிக்பீல்ட்ஸ் டெம்பிள் ஆஃப் ஃபைன் ஆர்ட்ஸ் பக்கம் போனால், தம்பூராவின் சட்ஜமத்துக்கு மேல் பிள்ளைகள் அந்தச் சுரத்தைப் பாடிப் பழகுவதைக் கேட்கலாம். அங்கே யாரும் பயந்து ஓடுவதில்லை.

ஆக, சுரத்தில் சாத்தானும் இல்லை, சாமியும் இல்லை. பக்கத்தில் எந்தச் சுரம் நிற்கிறது, எவ்வளவு வேகத்தில் வருகிறது, எந்த வாத்தியத்தில் ஒலிக்கிறது என்பதைப் பொறுத்து ஒரே இடைவெளி நெஞ்சை உருக்கும், இல்லை நடுங்க வைக்கும். கல்யாணியில் பஞ்சமம் பக்கத்திலேயே காத்திருந்து அந்த மத்திமத்தைக் கைப்பிடித்து அழைத்துப் போகிறது. அயோமியோ அதை வெட்டவெளியில் தனியாக நிறுத்திவிட்டார். பயம் அங்கிருந்துதான் வருகிறது.

பாட்டில் என்னதான் இருக்கிறது?

கிள்ளான் அம்மாவின் கேள்வி இதுதான். முதல் பாட்டில் சாத்தான் வருகிறான், உண்மை. ஆனால் பாடுபவன் அவனைக் கும்பிடவில்லை. கறுப்பு உருவம் ஒன்று எதிரே நிற்பதைப் பார்த்து, கடவுளே காப்பாற்று என்று அலறுகிறான். கீசர் பட்லர் ஒருநாள் இரவு விழித்தபோது கட்டில் அருகே கறுப்பு உருவம் நிற்பதைப் பார்த்ததாகச் சொன்ன அனுபவம்தான் பாட்டின் விதை. மாந்திரீகப் புத்தகங்களில் விளையாடாதே என்ற எச்சரிக்கை என்றுதான் அதைப் படிக்க முடியும். இன்னொரு பாட்டான 'தி விசார்ட்', டோல்கியன் கதையில் வரும் நல்ல மந்திரவாதி கேன்டால்ஃபை நினைத்து எழுதியது. 'என்.ஐ.பி.' என்ற பாட்டில் சாத்தான் காதல் வயப்படுகிறான். அந்த மூன்று எழுத்துக்கு ரகசிய அர்த்தம் தேடி எத்தனையோ பேர் மண்டையை உடைத்துக்கொண்டார்கள். பில் வார்டின் தாடி பேனா நிப் போல இருந்ததால் நண்பர்கள் வைத்த கேலிப் பெயர் அது.

பிறகு பயம் எங்கிருந்து கிளம்பியது? பெரும்பங்கு அட்டையிலிருந்து. மேப்பிள்டர்ஹாம் என்ற ஊரின் பழைய தண்ணீர் ஆலை முன்னால் கறுப்பு உடையில் ஒரு பெண் நிற்கும் படம். உள் அட்டையில் தலைகீழ்ச் சிலுவை. அந்தச் சிலுவையைக் குழுவினரைக் கேட்காமலே நிறுவனத் தரப்பு போட்டுவிட்டது. பயம் விற்கும் என்று அவர்களுக்கும் தெரியும். அதைப் பார்த்துச் சாத்தான் வழிபாட்டாளர்கள் தேடி வர ஆரம்பித்தபோது நால்வரும் மிரண்டு போனார்கள். ஓஸியின் அப்பா கருவி செய்யும் தொழிலாளி. அவர் உலோகத்தில் நால்வருக்கும் சிலுவை செய்து கொடுத்தார். பாதுகாப்புக்கு அதைக் கழுத்தில் போட்டுக்கொண்டுதான் மேடை ஏறினார்கள். பிள்ளைக்குக் கண்ணேறு படக்கூடாது என்று கறுப்புக் கயிறு கட்டும் நமக்கு இது புரியாதா?

விமர்சகர்கள் கிழித்தார்கள். ரோலிங் ஸ்டோன் இதழில் லெஸ்டர் பேங்ஸ் கடுமையாக எழுதினார். மக்கள் வேறு மாதிரி முடிவு செய்தார்கள். பிரிட்டனில் 8ஆம் இடம், அமெரிக்காவில் 23ஆம் இடம். அமெரிக்காவில் மட்டும் பிற்காலத்தில் பத்து லட்சம் படிகளைத் தாண்டியது.

நம் நாட்டில் நடந்தது

இந்தப் பயம் மலேசியாவுக்கும் வந்தது. 1989இல் 'இசபெல்லா' பாட்டால் நாட்டையே கட்டிப்போட்ட சர்ச் குழுவுக்கும், விங்ஸ் குழுவுக்கும், நீளமுடி வைத்திருந்த காரணத்தால் 1992இல் ஆர்டிஎம் கதவு மூடியது. ஏமி முடி வெட்டிக்கொண்டது தேசியச் செய்தி ஆனது. 2005ஆம் ஆண்டின் கடைசி இரவில் பழைய கிள்ளான் சாலையில் நடந்த ஓர் இசை நிகழ்ச்சியில் போலீசார் நுழைந்து 300க்கும் அதிகமான இளைஞர்களைப் பிடித்துச் சென்றனர். அடுத்த மாதமே 'பிளாக் மெட்டல்' பற்றித் தேசிய அளவில் சமயத் தடை அறிவிப்பும் வந்தது.

இங்கே ஒன்றை மறைக்காமல் சொல்ல வேண்டும். பிளாக் மெட்டல் என்பது பிளாக் சபாத்துக்கு வெகுகாலம் பின்னால் வந்த ஒரு கிளை. 1990களின் தொடக்கத்தில் நார்வே நாட்டில் அந்தக் கிளையைச் சேர்ந்த சிலர் தேவாலயங்களை எரித்தார்கள், கொலையும் செய்தார்கள். ஆகவே பெற்றோரின் பயம் முழுக்கக் கற்பனை என்று தள்ளிவிட முடியாது. ஆனால் சிலர் செய்த குற்றத்தை ஒரு இசைக்கே எழுதி வைத்தால், நாளை உறுமி மேளத்துக்கும் அதே கணக்குத்தான் வரும். தைப்பூசம் நெருங்கும்போதெல்லாம் உறுமி அடிக்கும் பையன்களைப் பற்றி நம் சமூகத்திலேயே என்ன பேச்சு நடக்கிறது என்று நமக்குத் தெரியும். "குண்டர் கும்பல் மேளம்" என்று ஒரே சொல்லில் தள்ளிவிடுகிறோம். சாவு வீட்டு வாத்தியம் என்று பறையை ஒதுக்கி வைத்த சமூகம்தானே நாம்? உழைக்கிறவன் கையிலிருந்து வரும் பெரிய சத்தத்தை முதலில் இரைச்சல் என்பதும், ஒரு தலைமுறை கழித்துக் கலை என்பதும் ஆஸ்டனில் மட்டும் நடக்கவில்லை.

தமிழர்கள் இந்த இசையைத் தூரத்திலிருந்து கேட்டதோடு நிற்கவும் இல்லை. பக்கத்துச் சிங்கப்பூரில் 1992இல் தொடங்கிய 'ருத்ரா' குழு 1998இல் தன் பெயரிலேயே முதல் இசைத்தட்டை வெளியிட்டது. பாடகரும் பேஸ் கிட்டார் கலைஞருமான கதிர் முன்னால் நிற்க, சமஸ்கிருத சுலோகங்களையும் வேதாந்தக் கருத்துகளையும் உறுமல் குரலில், இடிபோன்ற கிட்டாரோடு பாடினார்கள். 'வேதிக் மெட்டல்' என்று அவர்களே பெயர் வைத்தார்கள். சாத்தான் இசை என்று பெயரெடுத்த வடிவத்துக்குள் உபநிடதம் உட்கார்ந்துகொண்டது. பாத்திரம் ஒன்றுதான், அதில் எதை ஊற்றுவது என்பது ஊற்றுபவர் கையில் இருக்கிறது.

பெற்றோருக்கும் பிள்ளைகளுக்கும்

அப்படியென்றால் கவலையே வேண்டாமா? வேண்டும், ஆனால் சரியான இடத்தில். பிளாக் சபாத் குழுவை உடைத்தது சாத்தான் இல்லை. போதைப்பொருளும் மதுவும்தான். அதனால்தான் 1979இல் ஓஸியை அவருடைய நண்பர்களே வெளியேற்றினார்கள். உங்கள் பிள்ளை யாரோடு பழகுகிறான், இரவு தூங்குகிறானா, சாப்பிடுகிறானா, பேசுகிறானா என்று பாருங்கள். சட்டையில் என்ன படம் என்பது அதற்கு அப்புறம்.

பிள்ளைகளுக்கும் ஒன்று. அப்பா பட்டறை என்று கேலி செய்தால் கோபித்துக்கொள்ளாதீர்கள். அவர் சொல்வது பாதி சரி. இது பட்டறையில் பிறந்த இசைதான். செந்தூல் இரயில்வே பட்டறையில் வேலை பார்த்த தாத்தா உங்கள் வீட்டில் இருந்தால் அவரிடம் இரும்புச் சத்தம் எப்படி இருக்கும் என்று கேளுங்கள். நீங்கள் அணியும் சட்டையின் வரலாறு பாதி அங்கேயே கிடைக்கும்.

2025 ஜூலை 5 அன்று, தாங்கள் வளர்ந்த ஆஸ்டனில் இருக்கும் வில்லா பார்க் அரங்கில் நால்வரும் கடைசி முறையாக ஒன்றாக மேடை ஏறினார்கள். நிற்க முடியாத ஓஸி நாற்காலியில் உட்கார்ந்தபடி பாடினார். 17 நாள் கழித்து, ஜூலை 22 அன்று, 76 வயதில் மறைந்தார். அயோமி அன்றும் விரலில் குப்பி மாட்டித்தான் வாசித்தார்.

முழு இசைத்தட்டும் 38 நிமிடம். கிள்ளானிலிருந்து பிரிக்பீல்ட்ஸுக்கு நெரிசல் இல்லாத நாளில் காரில் போகிற நேரம். அவ்வளவு பொறுமை இல்லையென்றால் முதல் பாட்டு மட்டும், ஆறு நிமிடத்துக்குச் சற்று அதிகம். அடுத்த முறை பிள்ளையோடு காரில் போகும்போது ஹெட்போனைக் கழற்றச் சொல்லி, காரின் ஒலிபெருக்கியில் போடச் சொல்லுங்கள். அந்த மூன்றாவது சுரம் வரும்போது, இது நம் பிரதி மத்திமம் என்று நீங்கள் சொல்லிப் பாருங்கள். பிள்ளை ஒரு நிமிடம் உங்களை வேறு மாதிரி பார்ப்பான். திரும்பி வரும் வழியில் அவனுக்கு ஒரு கல்யாணி போட்டுக் காட்டுங்கள்.